ஒரே அறை, ஐந்து வகுப்புகள்
கொலம்பியக் கிராமத்து அரசுப் பள்ளிகளின் கதை

(ஆசிரியர் கூட்டமொன்றில் ஆற்றிய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



மாற்றுக் கல்வி என்று சொன்னதும் நம்மில் பலருக்கு ஒரே மாதிரியான பள்ளிதான் நினைவுக்கு வருகிறது. மரங்கள் நிறைந்த வளாகம், ஒரு வகுப்பில் இருபது பிள்ளைகள், வெளியூரிலிருந்து விரும்பி வந்து பணிபுரியும் ஆசிரியர்கள், சாதாரணக் குடும்பத்துக்கு எட்டாத கட்டணம். நல்ல பள்ளிகள்தான். அவற்றிலிருந்து நாம் கற்றுக்கொள்ள நிறைய உண்டு. ஆனால் மேல்நிலைத் தொட்டிக்கும் ரேஷன் கடைக்கும் நடுவில் நிற்கும் ஊராட்சி ஒன்றியத் தொடக்கப் பள்ளிக்கும் அவற்றுக்கும் என்ன தொடர்பு என்று கேட்டால் பதில் சொல்லத் தடுமாறுகிறோம். நல்ல கல்வி ஒரு பக்கம், அரசுப் பள்ளி இன்னொரு பக்கம் என்ற பிரிவினையை நாமே மனத்துக்குள் ஒப்புக்கொண்டுவிட்டோம்.

அந்தப் பிரிவினையை மறுத்த ஒரு முயற்சியின் வரலாற்றைச் சொல்லவே இன்று வந்திருக்கிறேன். தென் அமெரிக்காவில், கொலம்பியாவின் மலைக் கிராமங்களில் நடந்தது அது. அரசு நடத்திய பள்ளிகள். கட்டணம் இல்லை. அரசுச் சம்பளம் வாங்கும் ஆசிரியர்கள். பல ஊர்களில் ஒரே அறை, ஒரே ஆசிரியர், முதல் வகுப்பிலிருந்து ஐந்தாம் வகுப்புவரை எல்லாப் பிள்ளைகளும் அதே கூரையின் கீழ். அந்த இடத்தில்தான் உலகம் திரும்பிப் பார்த்த ஒரு கற்பித்தல் முறை உருவானது. அதன் பெயர் எஸ்குவேலா நுவேவா. புதிய பள்ளி என்று பொருள்.

இதை வெற்றிக் கதையாக மட்டும் நான் சொல்லப்போவதில்லை. வளர்ந்ததையும் சொல்வேன், தேய்ந்ததையும் சொல்வேன். இரண்டையும் சேர்த்துப் பார்த்தால்தான் நமக்குப் பயன்.

பம்ப்லோனாவில் ஓர் ஆசிரியர்

கொலம்பியாவிலும் முற்போக்குக் கல்விக்கு நீண்ட மரபு உண்டு. 1914இலேயே தலைநகர் பொகோட்டாவில் அகுஸ்தீன் நியெத்தோ காபயேரோ என்ற கல்வியாளர் ஹிம்னாசியோ மொதேர்னோ என்ற பள்ளியைத் தொடங்கினார். ஐரோப்பாவின் புதிய கல்விச் சிந்தனைகள் அங்கே வந்து சேர்ந்தன. பெல்ஜியத்தின் புகழ்பெற்ற கல்வியாளர் ஒவீத் தெக்ரோலி 1925இல் அங்கு நேரிலேயே வந்தார். ஆனால் அது வசதி படைத்த குடும்பங்களின் பிள்ளைகள் படித்த தனியார் பள்ளி. மலைக்கு மேலே காப்பித் தோட்டத்தில் கூலி வேலை செய்பவரின் பிள்ளைக்கு அந்தச் சிந்தனைகள் போய்ச் சேர அரை நூற்றாண்டு ஆனது.

கிராமத்து நிலைமை வேறு. 1970களின் நடுப்பகுதியில்கூட அந்நாட்டுக் கிராமப் பள்ளிகளில் பாதிக்கும் மேற்பட்டவற்றில் ஐந்து ஆண்டுத் தொடக்கக் கல்வி முழுமையாக இல்லை. இரண்டாம் வகுப்போடு, மூன்றாம் வகுப்போடு பள்ளி முடிந்துவிடும். அதற்கு மேல் படிக்கப் பிள்ளை ஊரைவிட்டுப் போக வேண்டும். ஏழை வீட்டுப் பிள்ளை எங்கே போகும்? வயலுக்குத்தான் போகும்.

1961இல் யுனெஸ்கோ, ஆள்தொகை குறைந்த ஊர்களுக்கு ஓராசிரியர் பள்ளிகளை ஒரு வழியாக முன்வைத்தது. கொலம்பியாவில் அதற்கான செயல்விளக்கப் பள்ளி வெனிசுவேலா எல்லையோரம் நோர்த்தே தெ சாந்தாந்தேர் மாநிலத்தின் பம்ப்லோனா நகரில், கிராமக் கல்வி நிறுவனம் ஒன்றில் அமைந்தது. அந்தப் பள்ளியில் வேலை பார்த்தவர் ஆஸ்கர் மொகோயோன். கிராமத்து ஆசிரியர். ஐந்து வகுப்புகளை ஒரே நேரத்தில் ஒரே அறையில் நடத்துவது எப்படி என்பதைக் கல்வி நூல்களில் தேடி அவர் கண்டுபிடிக்கவில்லை. காலையில் பள்ளிக்குள் நுழைந்து மாலையில் வெளியேறும் வரை அவரது வேலையே அதுதான்.

இங்கே அமர்ந்திருப்பவர்களில் ஈராசிரியர் பள்ளியில் வேலை பார்த்தவர்கள் பலர் இருப்பீர்கள். ஒருவர் விடுப்பு எடுத்தால், ஒருவர் கூட்டத்துக்குப் போனால், அன்று அது ஓராசிரியர் பள்ளி. முதல் வகுப்புக்கு எழுத்துச் சொல்லிக்கொடுக்கும்போது நான்காம் வகுப்பு என்ன செய்யும்? கரும்பலகையில் உள்ளதைப் பார்த்து எழுதும். அதை எழுதி முடித்தால் சத்தம் போடும். சத்தத்தை அடக்க ஒருவனைச் சட்டாம்பிள்ளை ஆக்குவோம். மொகோயோன் சந்தித்த சிக்கலும் இதேதான். அவர் கண்ட விடை எளியது. ஆசிரியர் ஒவ்வொரு வகுப்பாக ஓடுவதை விடவேண்டும். ஆசிரியர் அருகில் இல்லாத நேரத்திலும் பிள்ளை தானாகக் கற்கும்படி பாடத்தை அமைக்க வேண்டும். அதற்காகக் கற்றல் அட்டைகள் தயாராயின. பிள்ளை ஓர் அட்டையை எடுத்துச் செய்து முடித்து அடுத்ததற்குப் போகலாம்.

அட்டைகளில் ஒரு குறையும் இருந்தது. அவற்றை ஆசிரியரே எழுதித் தயாரிக்க வேண்டும். ஐந்து வகுப்புகளுக்கும், எல்லாப் பாடங்களுக்கும் அட்டை எழுத ஓர் ஆசிரியருக்கு நேரம் ஏது? மொகோயோனைப் போல் முனைப்பு உள்ள ஒருவரால் முடியலாம். நாடு முழுவதும் உள்ள ஆசிரியர்களால் முடியாது. அந்தக் குறையைத் தீர்த்தபோதுதான் எஸ்குவேலா நுவேவா பிறந்தது.

மூவர் கூடிய வேலை

1970களின் நடுவில் விக்கி கோல்பெர்ட் என்ற இளம் சமூகவியலாளர் அமெரிக்காவில் ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகத்தில் படித்துவிட்டு நாடு திரும்பிக் கல்வி அமைச்சகத்தில் வேலைக்குச் சேர்ந்தார். மிக ஏழ்மையான பகுதிகளின் பள்ளிகளில் வேலை செய்ய வேண்டும் என்பது அவர் விருப்பம். அமெரிக்க வளர்ச்சி உதவி நிறுவனத்தில் இருந்த பெரில் லெவிங்கர் அவருடன் சேர்ந்தார். மொகோயோனும் சேர்ந்தார். ஒருவர் அமைச்சகத்தின் உள்ளே இருந்தார், இன்னொருவர் நிதி உதவி செய்யும் இடத்தில் இருந்தார், மூன்றாமவர் வகுப்பறையை அறிந்திருந்தார். இந்தச் சேர்க்கையை நான் முக்கியமாகக் கருதுகிறேன். இதில் மூன்றாமவர் இல்லாமல்தான் எத்தனையோ திட்டங்கள் நம் பள்ளி வாசலுக்கு வந்து திரும்பிப் போயிருக்கின்றன.

இவர்கள் தமக்கு ஒரு நெறியை வகுத்துக்கொண்டார்கள். தாம் உருவாக்கும் எதுவும் மிகச் சாதாரணமான ஆசிரியராலும் செய்யக்கூடியதாக இருக்க வேண்டும். அரசால் செலவைத் தாங்க முடிய வேண்டும். ஒரு பள்ளியில் செய்ததை ஆயிரம் பள்ளிகளில் செய்ய முடிய வேண்டும். அசாதாரணமான ஓர் ஆசிரியரை நம்பி எழுப்பிய பள்ளி, அவர் மாறுதலாகிப் போன மறுநாள் பழையபடி ஆகிவிடும். அதை அவர்கள் முதல் நாளே உணர்ந்திருந்தார்கள்.

கையேடு எப்படி இருந்தது?

அட்டைகளின் இடத்துக்குக் கற்றல் கையேடுகள் வந்தன. அச்சிட்ட கையேடுகள். இரண்டு மூன்று பிள்ளைகள் ஒரு கையேட்டைப் பகிர்ந்து படிக்கலாம். ஓர் ஆண்டு முடிந்ததும் அதே கையேட்டை அடுத்து வரும் பிள்ளைகள் எடுத்துக்கொள்ளலாம். ஆண்டுதோறும் புதிதாக அச்சிட வேண்டியதில்லை.

ஒரு கையேட்டைப் பிரித்துப் பார்ப்போம். ஒவ்வொரு பாடத்திலும் மூன்று படிகள் இருக்கும். முதல் படி அடிப்படைச் செயல்கள். பிள்ளைக்கு ஏற்கெனவே என்ன தெரியும் என்று கேட்டுத் தொடங்கும். ஒரு கதையோ கேள்வியோ வரும். பக்கத்தில் இருப்பவரோடு பேசச் சொல்லும். இரண்டாம் படி பயிற்சி. கற்றதைச் செய்து பார்க்க வேண்டும். மூன்றாம் படி பயன்படுத்துதல். இதற்குப் பிள்ளை பள்ளியைவிட்டு வெளியே போக வேண்டும்.

உதாரணத்துக்கு அளவைகள் பற்றிய பாடம் என்று வைத்துக்கொள்ளுங்கள். வீட்டில் எதை எதால் அளக்கிறார்கள் என்று முதல் படி கேட்கும். கிலோவும் லிட்டரும் இரண்டாம் படியில் வரும். மூன்றாம் படியில் பிள்ளை வீட்டுக்குப் போய், இந்த ஆண்டு எத்தனை கிலோ காப்பி பறித்தோம், கிலோ என்ன விலைக்குப் போனது, கையில் எவ்வளவு நின்றது என்று அப்பாவிடம் கேட்டு எழுதிவர வேண்டும். மறுநாள் அதை ஆசிரியரிடமும் நண்பர்களிடமும் காட்டி விளக்க வேண்டும். எழுதப்படிக்கத் தெரியாத தந்தையும் அந்தப் பாடத்தில் பங்கு பெற்றுவிட்டார். அவருக்குத் தெரிந்ததைப் பள்ளி கேட்டது, குறித்தும் வைத்தது. அந்த வீட்டில் அதற்கு முன் பள்ளி அப்படி எதையும் கேட்டதில்லை.

கையேட்டில் சில இடங்களில் நின்று ஆசிரியரிடம் காட்டுமாறு குறித்திருக்கும். அந்த இடங்களில்தான் ஆசிரியர் தேவை. மற்ற நேரம் அவர் எழுத்துத் தெரியாத சிறு பிள்ளைகளுடன் உட்காரலாம், திணறும் பிள்ளையுடன் உட்காரலாம். பல வகுப்புகள் ஒரே அறையில் இருப்பது தொல்லை என்ற நிலை மாறி, மூத்த பிள்ளை இளைய பிள்ளைக்குச் சொல்லிக்கொடுப்பது அந்த அறையின் பலமாயிற்று.

தேர்ச்சி முறையும் மாறியது. காப்பி அறுவடைக் காலம் வந்தால் மலைக் கிராமத்துப் பிள்ளைகள் வாரக்கணக்கில் பள்ளிக்கு வரமாட்டார்கள். பழைய முறையில் அவர்கள் பின்தங்கி, ஆண்டிறுதியில் தோற்று, அடுத்த ஆண்டு அதே வகுப்பில் உட்கார்ந்து, கடைசியில் நின்றே போவார்கள். எஸ்குவேலா நுவேவாவில் பிள்ளை எந்தப் பாடத்தில் விட்டதோ அதே பாடத்திலிருந்து தொடரலாம். ஒரு பாடத்தைக் கற்று முடித்ததும் அடுத்ததற்குப் போகலாம். தோல்வி என்ற சொல்லுக்கு அங்கே இடமில்லை. செங்கல் சூளைக்கும் கரும்பு வெட்டுக்கும் பெற்றோருடன் போய்விட்டுத் திரும்பும் பிள்ளைகளை நாம் அறிவோம். அவர்கள் திரும்பி வரும் நாளில் வகுப்பு எங்கேயோ போயிருக்கும். அந்தப் பிள்ளைக்காகவே இந்த ஒழுங்கை நினைத்துப் பாருங்கள்.

பிள்ளைகளின் கையில் பள்ளி

கையேடு ஒரு பாதி. மறு பாதி, பள்ளியை நடத்தும் பொறுப்பில் பிள்ளைகளுக்குக் கொடுத்த பங்கு. ஒவ்வொரு பள்ளியிலும் மாணவர் அரசு உண்டு. பிள்ளைகளே வாக்களித்துத் தலைவரைத் தேர்ந்தெடுப்பார்கள். நூலகம், தோட்டம், சுகாதாரம், விளையாட்டு என்று குழுக்கள் உண்டு. நூலகக் குழுவில் உள்ள பிள்ளைதான் புத்தகத்தைக் கொடுத்து வாங்கிக் குறித்து வைக்கும். தோட்டக் குழு பாத்தி கட்டும், தண்ணீர் ஊற்றும்.

சுவரைச் சுற்றிப் பார்த்தாலே அந்தப் பள்ளியின் குணம் தெரியும். ஒரு பக்கம் வருகை அட்டவணை. பிள்ளை காலையில் வந்து தன் பெயருக்கு எதிரே தானே குறித்துக்கொள்ளும். யாரும் பெயர் கூப்பிடுவதில்லை. இன்னொரு பக்கம் ஆலோசனைப் பெட்டி. பள்ளியில் எது பிடிக்கவில்லை, எது வேண்டும் என்று எழுதிப் போடலாம். ஒவ்வொரு பிள்ளையின் பெயரிலும் ஒரு சிறு பை தொங்கும், அதில் நண்பர்கள் கடிதம் எழுதிப் போடுவார்கள். முந்தின நாள் சண்டை போட்டவன் மறுநாள் மன்னிப்புக் கேட்டு எழுதுவதற்கும் அதுதான் இடம். வீடு வீடாகப் போய்வரும் ஒரு நோட்டும் உண்டு. அதில் பெற்றோரும் தாத்தா பாட்டியும் தங்களுக்குத் தெரிந்ததை எழுதுவார்கள், எழுதத் தெரியாதவர்கள் சொல்லச் சொல்லப் பிள்ளை எழுதும்.

ஊர் வரைபடமும் உண்டு. பள்ளியைச் சுற்றி எந்த வீடு எங்கே இருக்கிறது, எந்த ஓடையைக் கடந்து எந்தப் பிள்ளை வருகிறது என்று பிள்ளைகளும் ஊராரும் சேர்ந்து வரைந்தது. அதன் பக்கத்தில் வேளாண் நாட்காட்டி. எந்த மாதம் விதைப்பு, எந்த மாதம் அறுவடை, எப்போது வேலைக்கு ஆள் தேவை என்று அது காட்டும். பிள்ளை ஏன் வரவில்லை என்று வீட்டுக்கு ஆள் அனுப்பித் திட்டும் ஆசிரியர் ஒரு வகை. இந்த மாதம் பிள்ளை வராது என்பதை முன்கூட்டியே அறிந்து பாடத்தைத் திட்டமிடும் ஆசிரியர் இன்னொரு வகை. அந்த நாட்காட்டி இரண்டாவது வகை ஆசிரியரை உருவாக்கியது.

இவை எல்லாம் கொலம்பியாவில் எந்தச் சூழலில் நடந்தன என்பதை மறந்துவிடக் கூடாது. 1940களின் இறுதியிலிருந்து பத்தாண்டுக்கு மேல் நாட்டையே உலுக்கிய கட்சிக் கலவரங்கள், பின்னர் பல பத்தாண்டுகள் நீடித்த ஆயுத மோதல்கள். அவை மிக அதிகமாகத் தாக்கியது கிராமங்களை. அந்த மண்ணில் பத்து வயதுப் பிள்ளை வாக்குப் பெட்டியைத் தொட்டு, எதிர்த்துப் பேசுபவனைப் பொறுமையாகக் கேட்டு, குழு முடிவுக்குக் கட்டுப்பட்டுப் பழகியது. எஸ்குவேலா நுவேவாப் பிள்ளைகளிடம் சமாதானமாகப் பழகும் பண்பு கூடியிருந்ததாக 2006இல் வெளிவந்த ஓர் ஆய்வு கூறியது. 1994ஆம் ஆண்டின் பொதுக் கல்விச் சட்டம் நாட்டின் எல்லாப் பள்ளிகளிலும் மாணவர் பங்கேற்கும் பள்ளி ஆட்சியைக் கட்டாயமாக்கியது. கிராமத்துப் பள்ளிகள் பல ஆண்டுகளாகப் பழகிவந்ததைச் சட்டம் பின்னால் வந்து சேர்ந்துகொண்டது.

ஆசிரியர் ஆசிரியரைக் கண்டு கற்றது

இப்போது இந்த வரலாற்றின் உயிர்நாடிக்கு வருகிறேன்.

புதிதாக ஒரு பள்ளி இந்த முறைக்கு வரவேண்டும் என்றால் முதலில் என்ன செய்தார்கள்? சுற்றறிக்கை அனுப்பவில்லை. அந்த ஆசிரியரை, ஏற்கெனவே நன்றாக நடந்துகொண்டிருக்கும் ஒரு செயல்விளக்கப் பள்ளிக்கு அழைத்துப் போனார்கள். அவருடைய பள்ளியைப் போன்ற பள்ளி. அதே ஓட்டுக் கூரை, அதே சேற்று வழி, அதே ஏழைப் பிள்ளைகள். வேறு மாநிலத்து மாதிரிப் பள்ளியைக் காட்டினால் "அங்கே வசதி உண்டு, இங்கே எங்கே?" என்று கேட்கலாம். பக்கத்து மலையில் உள்ள பள்ளியைக் காட்டினால் அந்தக் கேள்விக்கு இடமில்லை. அங்கே சக ஆசிரியர் சொல்வதைக் கேட்பார். பிள்ளைகளே பள்ளியைச் சுற்றிக் காட்டுவார்கள். அதன் பிறகுதான் பயிற்சி. பயிற்சிகளும் அந்த முறையிலேயே நடந்தன. ஆசிரியர்கள் குழுவாக உட்கார்ந்து, கையேட்டைப் பார்த்து, தாமே செய்து கற்றார்கள். பிள்ளைகளைப் பேசவிடுங்கள் என்று மூன்று மணி நேரம் மைக்கில் பேசும் பயிற்சி அங்கே இல்லை.

பயிற்சிக்குப் பிறகு மைக்ரோசென்ட்ரோ என்ற சிறு மையங்கள். பக்கத்துப் பக்கத்து ஊர்களின் ஆசிரியர்கள் மாதம் ஒருமுறை ஏதாவது ஒரு பள்ளியில் கூடுவார்கள். என் பள்ளியில் இது நடக்கவில்லை, நீ எப்படிச் செய்தாய் என்பதுதான் பேச்சு. ஒருவர் புதிதாக ஏதாவது செய்திருந்தால் மற்றவர்கள் அதைத் தம் பள்ளிக்கு எடுத்துக்கொண்டு போவார்கள். மலைமேல் தனியாக ஒரு பள்ளியை நடத்தும் ஆசிரியருக்கு, தன்னைப் போலத் திணறும் இன்னும் பத்துப் பேர் இருக்கிறார்கள் என்று தெரிவதே பெரிய பலம்.

நமக்குக் குறுவள மையம் உண்டு. அங்கே கூடுகிறோம். அங்கே நாம் பேசுகிறோமா, கேட்டுக்கொண்டிருக்கிறோமா என்பதை நீங்கள்தான் சொல்ல வேண்டும்.

ஐந்நூறிலிருந்து இருபதாயிரம்

இப்படி மெல்ல வளர்ந்தது. 1970களின் இறுதிக்குள் சுமார் 500 பள்ளிகள். பிறகு அமெரிக்க நாடுகளுக்கான வளர்ச்சி வங்கியும் யூனிசெஃபும் உதவ, சில ஆயிரங்களாயிற்று. 1985இல் கொலம்பிய அரசு நாடு முழுவதும் கிராமப்புறத் தொடக்கக் கல்விக்கான முறையாக எஸ்குவேலா நுவேவாவை ஏற்றது. 1989 வாக்கில் சுமார் 18,000 பள்ளிகள். பின்னர் 20,000ஐத் தாண்டியது. முதல் தேசிய ஒருங்கிணைப்பாளராக இருந்த கோல்பெர்ட் கல்வித் துணை அமைச்சராகவும் ஆனார்.

1989இல் உலக வங்கி, வளரும் நாடுகளில் வெற்றி கண்ட மூன்று தொடக்கக் கல்விச் சீர்திருத்தங்களில் ஒன்றாக இதைக் குறிப்பிட்டது. 1997இல் யுனெஸ்கோவின் இலத்தீன் அமெரிக்க ஆய்வகம் பல நாடுகளில் மூன்றாம், நான்காம் வகுப்புப் பிள்ளைகளுக்கு மொழியிலும் கணக்கிலும் தேர்வு நடத்தியது. மற்ற நாடுகளில் நகரத்துப் பிள்ளைகள் முன்னே, கிராமத்துப் பிள்ளைகள் பின்னே. கொலம்பியாவில் மட்டும், பெருநகரங்களை விட்டுவிட்டுப் பார்த்தால், கிராமப் பள்ளிகள் நகரப் பள்ளிகளை முந்தின. ஏழ்மையும் தூரமும் இருக்கும் இடத்தில் கல்வி தாழ்ந்துதான் இருக்கும் என்ற விதியை அந்த ஒரு வரி முடிவு உடைத்தது. இதை நம் பெற்றோரிடம் சொல்லுங்கள். கிராமத்துப் பிள்ளைக்கு மூளை குறைவில்லை, கற்பிக்கும் முறைதான் குறைவாக இருந்தது.

பெயர்ப்பலகை மட்டும் மிஞ்சியபோது

இனி வருத்தமான பகுதி. அதையும் நாம் நேராகப் பார்க்க வேண்டும்.

நாடு முழுவதற்கும் என்று அரசு அறிவித்ததும் வேகம் கூடியது. முன்பு ஆசிரியர் கண்டு, விரும்பி, பயின்று, கூடிப் பேசி மாறினார். இப்போது அலுவலகத்திலிருந்து பட்டியல் வந்தது. உங்கள் பள்ளியும் இனி எஸ்குவேலா நுவேவா என்றார்கள். பயிற்சிகள் சுருங்கின. மாதக் கூட்டங்கள் பல இடங்களில் நின்றன. 1990களில் கல்விப் பொறுப்பு மாநிலங்களுக்கும் நகராட்சிகளுக்கும் மாறியபோது, கையேடுகளை யார் அச்சிடுவது, யார் அனுப்புவது என்பதில் குழப்பம் வந்தது. கிழிந்துபோன கையேட்டுக்குப் புதியது வரவில்லை. பயிற்சி பெற்ற ஆசிரியர் மாறுதலாகிப் போக, பயிற்சி பெறாதவர் அந்த இடத்துக்கு வந்தார்.

1990களில் இம்முறையை ஆராய்ந்தவர்கள் இரண்டு செய்திகளைச் சேர்த்தே சொன்னார்கள். மூன்றாம் வகுப்பில் மொழியிலும் கணக்கிலும் எஸ்குவேலா நுவேவாப் பிள்ளைகள் மற்றப் பள்ளிப் பிள்ளைகளைவிட மேலாக இருந்தார்கள். ஆனால் அந்தப் பெயரைத் தாங்கிய பள்ளிகளில் கணிசமானவற்றில் கையேடோ நூலகமோ முழுமையாக இல்லை. பெயர் போய்ச் சேர்ந்திருந்தது, பொருள் போய்ச் சேரவில்லை.

இப்படி ஆகும் என்ற அச்சம் முன்னோடிகளுக்கு முன்பே இருந்தது. 1987இலேயே கோல்பெர்ட்டும் தோழர்களும் அரசுக்கு வெளியே ஓர் அறக்கட்டளையைத் தொடங்கினார்கள். அமைச்சர்கள் மாறலாம், நிதி வரலாம் போகலாம், முறையைக் காத்துப் புதுப்பிக்க ஓர் இடம் வேண்டும் என்பது நோக்கம். பின்னர் அந்த அறக்கட்டளை உள்நாட்டு மோதலால் ஊரைவிட்டு இடம்பெயர்ந்து நகரத்து ஓரங்களில் ஒதுங்கிய பிள்ளைகளுக்கும் இதே முறையைக் கொண்டு சென்றது. கோல்பெர்ட்டுக்குக் கல்விக்கான பரிசுகளான வைஸ் பரிசு 2013இலும் இடான் பரிசு 2017இலும் கிடைத்தன. மொகோயோன் கொலம்பியாவை விட்டுக் குவாத்தமாலா முதலிய நாடுகளுக்குப் போய் அங்கத்திய கிராமத்து ஆசிரியர்களுடன் வேலை செய்தார்.

கால்தாஸ் காட்டிய வழி

நாட்டின் பல பகுதிகளில் தேய்ந்த இந்த முறை ஒரு மாநிலத்தில் தேயாமல் நின்றது. அது காப்பி விளையும் மலைப்பகுதியான கால்தாஸ். அங்கே 1980களில் காப்பி விவசாயிகளின் குழு மாநில அரசோடு கைகோத்தது. காப்பி விற்ற காசில் ஒரு பகுதி கையேடு அச்சிடவும், மேசை நாற்காலி வாங்கவும், ஆசிரியர் பயிற்சிக்கும் போனது. ஆட்சி மாறினாலும் அந்த உடன்பாடு மாறவில்லை. தொடக்கப் பள்ளியில் நிற்காமல் மேல் வகுப்புகளுக்கும் அதே முறையை நீட்டினார்கள். பள்ளியும் காப்பியும் என்ற திட்டத்தில் பெரிய பிள்ளைகள் காப்பி சாகுபடியையே பாடமாகக் கற்று, தங்கள் வீட்டு நிலத்தில் செய்து பார்த்தார்கள்.

கால்தாஸில் நின்றதற்கும் மற்ற இடங்களில் தேய்ந்ததற்கும் காரணங்கள் மூன்று. அங்கே ஊரின் வாழ்வாதாரத்தோடு பள்ளி கட்டப்பட்டிருந்தது. கையேடு நிற்காமல் வந்தது. மாதக் கூட்டம் நிற்காமல் நடந்தது. இந்த மூன்றும் இருந்தவரை ஆசிரியர் துணிவோடு நின்றார்.

வியட்நாமும் நாமும்

கடல் கடந்த அனுபவம் ஒன்றையும் சொல்கிறேன். வியட்நாம் அரசு, கல்விக்கான உலகக் கூட்டாண்மையின் சுமார் 8.5 கோடி டாலர் நிதியோடு 2012இல் இந்த முறையைத் தொடங்கியது. திட்டத்தில் இருந்தவை 1,447 பள்ளிகள். அந்த எண்ணிக்கைக்கு வெளியேயும் பள்ளிகள் வேகமாகச் சேர்ந்தன. சிறு கிராமப் பள்ளிக்காக உருவான முறை பெரிய வகுப்புகளுக்கும் போனது. ஆசிரியர்கள் ஆயத்தமாகவில்லை, பெற்றோருக்குப் புரியவில்லை. எதிர்ப்பு கிளம்பியது. 2016இல் விரும்பும் பள்ளிகள் தொடரலாம் என்று அமைச்சகம் விலகிக்கொண்டது. அந்த முறையால் பலன் இருந்தது என்று ஆய்வுகள் காட்டிய நேரத்திலேயே இது நடந்தது. முறை நல்லதாக இருப்பது மட்டும் போதாது என்பதற்கு இதைவிட வேறு சான்று வேண்டாம்.

நம் ஊருக்கும் வருவோம். எஸ்குவேலா நுவேவாவின் கிளை அல்ல, தமிழ்நாட்டுப் பள்ளிகளில் நாம் கண்ட செயல்வழிக் கற்றல். அது ஆந்திராவின் ரிஷிவேலியில், சுற்றுவட்டாரக் கிராமப் பள்ளிகளுக்காக உருவான முறையிலிருந்து வந்தது. ஆனால் கொலம்பியாவும் ரிஷிவேலியும் ஒரே சிக்கலிலிருந்து கிளம்பி ஒரே திசையில் நடந்தவை. 2003இல் சென்னை மாநகராட்சியின் ஆணையராக இருந்த எம்.பி. விஜயகுமார் அவர்களின் முனைப்பால் 13 பள்ளிகளில் செயல்வழிக் கற்றல் தொடங்கியது. மாநகராட்சி ஆசிரியர்கள் ரிஷிவேலிக்குப் போய்ப் பார்த்தார்கள். திரும்பி வந்து தாங்களே அட்டைகளை எழுதினார்கள். கற்றல் ஏணி, அட்டைகளின் சின்னங்கள், கீழ்மட்டக் கரும்பலகை, தலைக்கு மேலே கம்பிப் பந்தலில் தொங்கும் பிள்ளைகளின் ஓவியங்கள், பாயில் வட்டமாக உட்கார்ந்த குழுக்கள், பிள்ளைகளோடு தரையில் உட்கார்ந்த ஆசிரியர் எல்லாம் உங்களுக்கு நினைவிருக்கும். நாற்காலியில் உட்கார்ந்து பழகிய ஆசிரியர் பிள்ளையின் கண் மட்டத்துக்கு இறங்கி வந்தது சின்ன மாற்றமில்லை.

நான்கே ஆண்டுகளில் மாநிலம் முழுவதும், ஒன்று முதல் நான்காம் வகுப்புவரை, இந்த முறை போய்ச் சேர்ந்தது. அந்த 13 பள்ளிகளின் ஆசிரியர்கள் கண்டும் எழுதியும் திருத்தியும் கற்றார்கள். பின்னால் வந்த ஆயிரக்கணக்கான பள்ளிகளின் ஆசிரியர்களுக்கு அட்டைப் பெட்டி வந்தது, ஆணை வந்தது, பார்வையிட அதிகாரி வந்தார். அவர்களுக்குக் கண்டு கற்கும் காலம் கிடைக்கவில்லை. பிறகு அது எளிமைப்படுத்தப்பட்ட செயல்வழிக் கற்றல் ஆனது, பின்னர் வேறு திட்டங்கள் வந்தன. அந்த ஆண்டுகளில் அந்த முறையை உள்ளத்தால் ஏற்று நடத்திய ஆசிரியர்களை எனக்குத் தெரியும், உங்களுக்கும் தெரியும். அவர்கள் வகுப்பில் பிள்ளைகள் பயமின்றிப் பேசினார்கள். அந்த ஆசிரியர்களைச் செயல்விளக்க ஆசிரியர்களாக்கி, மற்றவர்களை அவர்களிடம் அனுப்பியிருந்தால் இன்று நாம் நிற்கும் இடம் வேறாக இருந்திருக்கும் என்று உறுதியாக நம்புகிறேன்.

நாம் கேட்க வேண்டியவை

தோழர்களே, இந்த வரலாற்றிலிருந்து நான் எடுத்துக்கொள்வது ஒன்று. மாற்றுக் கல்வி அரசுப் பள்ளியில் வேர்விடும். ஏழைக் கிராமத்தில், ஒற்றை அறையில், சாதாரண ஆசிரியர் கையில் வேர்விடும். அது கொலம்பியாவில் கண்கூடாக நடந்திருக்கிறது. ஆனால் அது ஆசிரியரிடமிருந்து ஆசிரியருக்குப் போகும்போதுதான் உயிரோடு போகிறது. ஆணையாக மேலிருந்து இறங்கும்போது பெயர் மட்டும் வந்து சேர்கிறது.

ஆகவே நம் கோரிக்கைகளும் தெளிவாக இருக்கட்டும். ஈராசிரியர் பள்ளிகளைக் குறைபாடாகப் பார்த்து மூடவோ இணைக்கவோ துடிப்பதை நிறுத்துங்கள். அந்தப் பள்ளிகளுக்கென்றே, பல வகுப்புப் பிள்ளைகள் தாமே கற்கும்படியான கையேடுகளை ஆசிரியர்களைக் கொண்டு எழுதுங்கள், ஆண்டுதோறும் கிழிந்தவற்றை மாற்றித் தாருங்கள். ஒவ்வொரு ஒன்றியத்திலும் நன்றாக நடக்கும் ஒரு சிறு பள்ளியைக் கண்டுபிடித்து, புதிய ஆசிரியர்கள் சில நாள் அங்கே இருந்து பார்க்க வழி செய்யுங்கள். குறுவள மையக் கூட்டத்தை ஆசிரியர்கள் தங்களுக்குள் பேசும் கூட்டமாக மாற்றுங்கள். இவை நடக்கின்றனவா என்பதைக் கல்விக் குழுக்களும் பெற்றோரும் கேட்டுக்கொண்டே இருக்க வேண்டும்.

அரசு இவற்றைச் செய்யும்வரை நாம் காத்திருக்க வேண்டியதும் இல்லை. பக்கத்து ஊர்ப் பள்ளியில் நல்ல வேலை செய்யும் ஆசிரியரை உங்களுக்குத் தெரியும். ஒரு சனிக்கிழமை நாலு பேர் சேர்ந்து அவர் பள்ளிக்குப் போங்கள். அவர் எப்படிச் செய்கிறார் என்று கேளுங்கள். அடுத்த மாதம் அவரை உங்கள் பள்ளிக்கு அழையுங்கள். கொலம்பியாவில் இருபதாயிரம் பள்ளிகளுக்குப் பரவிய வேலையின் தொடக்கம் இந்த அளவுதான்.